கொக்கின் காலும் ஆமையின் கேள்வியும்

நாணல் ஏரியில் வாழ்ந்த நீர்க்கோழிக்கு இருப்புக் கொள்ளவில்லை. உட்கார்ந்தால், கரையில் உலாத்தும் நரி கண்ணில் பட்டது. எழுந்தால், முட்டைகள் குளிர்ந்துவிடுமே என்ற பயம் வந்தது. அது உட்காரும், எழும், கூட்டை ஒரு சுற்றுச் சுற்றிவரும், மறுபடி உட்காரும்.

கூடு ஏரிக்குள் ஒரு நாணல் திட்டில் இருந்தது. கூட்டில் ஆறு முட்டைகள். திட்டைச் சுற்றித் தண்ணீர். அந்தத் தண்ணீர்தான் அதற்கு வேலி, காவல் எல்லாம். ஆனால் கோடை தொடங்கிவிட்டது.

நீர்க்கோழிக்கு ஒரே ஒரு கேள்விதான். குஞ்சு பொரிக்கும்வரை தண்ணீர் நிற்குமா? நிற்கும் என்றால் நிம்மதியாக அடைகாக்கலாம். நிற்காது என்றால் முட்டைகளை இப்போதே ஏரியின் நடுப்பாறைக்குக் கொண்டுபோய்விட வேண்டும். தனியாகக் கொண்டுபோக அதனால் முடியாது. ஆமை முதுகில் சுமக்க வேண்டும், கொக்கு முன்னால் நடந்து வழி காட்ட வேண்டும்.

நல்லவேளையாக, இந்த ஏரியில் இப்படிப்பட்ட கேள்விகளுக்கென்றே அந்த இரண்டு பேரும் இருந்தார்கள். ஆமை கேட்கும். கொக்கு அளந்து பார்க்கும். இரண்டும் சேர்ந்து விடை சொல்லும்.

இது நேற்று வந்த ஏற்பாடு அல்ல. ஆதியில் இரண்டு வேலையையும் ஆமைகளே செய்தன. கேட்பதும் ஆமை, போய்ப் பார்ப்பதும் ஆமை. 'இந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது?' என்று ஓர் ஆமை கேட்டால், அதுவே வாய்க்கால் வழியாக ஊர்ந்து போய்ப் பார்த்துவிட்டு வரும். வருவதற்குள் கேட்டவர்கள் கேள்வியையே மறந்திருப்பார்கள்.

பிறகு கொக்குகள் வந்தன. நீண்ட கால், கூர்மையான கண். ஆமை ஒரு கோடை முழுவதும் ஊர்ந்து பார்ப்பதைக் கொக்கு ஒரே காலையில் நடந்து பார்த்துவிடும். ஆமைகள் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். படவில்லை! அந்தக் காலத்து ஆமைத் தலைவர் ஒருவர், ஓட்டுக்குள் தலையை வைத்துக்கொண்டே, "ஏரியின் அடி தட்டையானது" என்று சொல்லிவைத்திருந்தார். ஒரு கொக்கு நடந்து பார்த்துவிட்டு, "இல்லீங்க, நடுவுல பள்ளம்" என்றது. அந்தக் குற்றத்துக்காக அதை ஏரியைவிட்டே துரத்திவிட்டார்கள். இந்தக் கதையைக் கொக்குகள் தங்கள் குஞ்சுகளுக்கு இன்றும் சொல்கின்றன. ஆமைகள் சொல்வதில்லை.

வெகுகாலம் கழித்து இரண்டு கூட்டமும் சமாதானமாயின. அப்போது ஒரு வழக்கம் ஏற்பட்டது. தண்ணீருக்குள் கிடக்கும் ஒரு தட்டைக் கல்லின்மேல் கொக்கு ஏறி நிற்கும். ஆமை அடியில் நீந்திப் போய்க் கல்லைத் தட்டிப் பார்த்துவிட்டு மேலே வந்து கேட்கும்.

"எதுமேல நிக்கிறே?"

"கல்லுமேல நிக்கிறேன்!"

அதற்குப் பிறகுதான் கொக்கு குனிந்து, தண்ணீர் தன் காலில் எதுவரை நிற்கிறது என்று பார்க்கும்.

நீர்க்கோழி தன் கேள்வியோடு வந்த அன்று வெயில் சுள்ளென்று அடித்தது. வேடிக்கை பார்க்கத் தவளைகள் எல்லாம் கூடிவிட்டன. (கொக்கு தவளையைத் தின்னாதா என்று கேட்காதீர்கள். அளக்கும் நேரத்தில் தின்னக் கூடாது என்பது அந்த ஏரியின் கட்டுப்பாடு. மற்ற நேரத்தைப் பற்றித் தவளைகள் பேச விரும்புவதில்லை.) கொக்கு கல்லின்மேல் ஏறி நின்றது. ஆமை மெல்லப் போய், மெல்லத் தட்டி, மெல்லத் திரும்பி வந்தது.

"எதுமேல நிக்கிறே?"

கொக்குக்குப் பொறுமை போய்விட்டது. "எத்தனை நாளைக்கு இதே கேள்வி! கல்லு நேத்தும் கல்லுதான், இன்னைக்கும் கல்லுதான். நீ கேக்கலேன்னா அது கரைஞ்சா போயிடும்?"

"கேக்கறது என் வேலை" என்றது ஆமை.

"அளக்கறது என் வேலை. விடை என் கால்ல இருக்கு. உன் கேள்வியில என்ன இருக்கு? வெறும் காத்து!"

தவளைகள் 'கெக் கெக்' என்று சிரித்தன. சிரிப்பைக் கேட்டதும் கொக்குக்கு இன்னும் தைரியம் வந்தது. "ஓட்டுக்குள்ள உட்கார்ந்துக்கிட்டே 'அடி தட்டை'ன்னு சொன்ன வம்சம்தானே நீ! ஆமை புகுந்த வீடு உருப்படாதுன்னு சும்மாவா சொன்னாங்க!"

ஆமையின் கழுத்து சட்டென்று உள்ளே போய் மறுபடி வெளியே வந்தது. "கொக்கு தலையில வெண்ணெய் வெச்சா, அது உருகிக் கண்ணை மறைக்குமாம். உனக்கு வெண்ணெய்கூட வேண்டாம். தவளைங்க சிரிச்சாலே போதும், கண்ணு மறைஞ்சுடுது!"

"போ! உன் கேள்வியும் வேண்டாம், நீ தட்டின கல்லும் வேண்டாம்!"

"நீ கூப்பிடாம நான் இனிமே வரமாட்டேன்!"

ஆமை கரையோரத்து வளைக்குள் போய்ப் புகுந்துகொண்டது. கொக்கு கல்லிலிருந்து இறங்கி, தவளைகள் எல்லோருக்கும் நன்றாகத் தெரியும்படி ஏரியின் திறந்த பகுதிக்குப் போய் நின்றது.

"அண்ணே, என் முட்டைங்க..." என்றது நீர்க்கோழி.

"கவலைப்படாதேம்மா. இனிமே இந்த இடத்தைவிட்டு நகரமாட்டேன். இடம் மாறினா அளவு தப்பாயிடும்" என்றது கொக்கு. அதற்கு அதன் வேலையில் உண்மையான அக்கறை இருந்தது. அதை மறுக்கவே முடியாது.

மறுநாள் கொக்கு குனிந்து காலைப் பார்த்தது. "நேத்து கணுக்கால்தான் நனைஞ்சுது. இன்னைக்கு அதுக்கு மேல! தண்ணி ஏறுது!"

"ஏறுது! ஏறுது! கொக்கையா வாழ்க!" என்று தவளைகள் கத்தின.

அதற்கு மறுநாளும், அடுத்தடுத்த நாட்களிலும் தண்ணீர் இன்னும் ஏறிக்கொண்டே இருந்தது. தவளைகளுக்குத் தலைகால் புரியவில்லை. எனக்கு இந்தத் தவளைகளைக் கண்டாலே எரிச்சல்! தாங்கள் உட்கார்ந்திருந்த இலை நேற்று மிதந்ததா, இன்று சேற்றில் ஒட்டிக்கிடக்கிறதா என்றுகூட அவை பார்க்கவில்லை. கத்துவதற்கு ஒரு காரணம் கிடைத்தால் அவற்றுக்குப் போதும்.

நீர்க்கோழி தயங்கித் தயங்கிக் கேட்டது. "அண்ணே, நரி கிட்ட வந்துட்ட மாதிரி இருக்கே?"

கொக்கு அன்பாகவே பதில் சொன்னது. "பயந்தவங்களுக்கு எல்லாம் கிட்டத்தான் தெரியும். அளவுன்னு ஒண்ணு இருக்கில்ல? உன் கண்ணை நம்பாதே, என் காலை நம்பு."

கொக்கு பொய் சொல்லவில்லை. பார்த்ததைத்தான் சொன்னது. தன் காலில் தண்ணீர் ஏறுவதை அது தன் கண்ணாலேயே பார்த்தது. தொல்லையே அதுதான்! பொய்யனாக இருந்தால் யாராவது சந்தேகப்பட்டிருப்பார்கள்.

இதற்கிடையில் நரி கரையோரமாக நடந்தது, திரும்பியது, மறுபடி நடந்தது. இரண்டு நாளாக அதற்குச் சரியான சாப்பாடு இல்லை. நடக்கும்போதே நின்று, முன்காலைச் சேற்றில் வைத்து அழுத்திப் பார்த்தது. கால் புதைந்தால் எடுத்துக்கொண்டது. மறுநாள் வந்து அதே இடத்தில் வைத்துப் பார்த்தது. கால் புதையவில்லை. நரி நாக்கால் மூக்கைத் துடைத்துக்கொண்டு இன்னும் கொஞ்சம் தள்ளி வைத்துப் பார்த்தது.

நீர்க்கோழிக்கு மனம் கேட்கவில்லை. முட்டைகளை நாணலால் மூடிவிட்டு, ஆமையின் வளைக்கு ஓடியது.

"ஆமையண்ணே! தண்ணி ஏறுதா, வத்துதா? நீங்களாவது சொல்லுங்க!"

உள்ளிருந்து குரல் மட்டும் வந்தது. "அவசரப்படாதே. வத்தறதுன்னா என்ன? முதல்ல அதைத் தெளிவு பண்ணிக்கலாம்."

"எனக்கு அதெல்லாம் தெரியாதுண்ணே. ஆறு முட்டை கிடக்கு!"

"சரி, கேளு. தண்ணி எங்கேருந்து வந்தது?"

"வானத்திலிருந்து."

"வானம் எங்கேயாவது போயிடுச்சா?"

"இல்லை."

"அப்போ வானத்திலிருந்து வந்த தண்ணி மட்டும் எப்படிப் போகும்? வானம் இருக்கிறவரைக்கும் ஏரி வத்தாது!"

கேட்பதற்கு எவ்வளவு நன்றாக இருக்கிறது! எனக்கே முதலில் சரியென்றுதான் பட்டது.

"ஆனா உங்க வாசல்ல மண்ணு காஞ்சு கிடக்கே?" என்றது நீர்க்கோழி.

"ஒரு வாசலை வெச்சு ஒரு ஏரியைச் சொல்ல முடியாதும்மா."

"தலையை நீட்டி ஒரே ஒரு தடவை பாருங்களேன்!"

"பார்க்கறது அவன் வேலை. அவன் கூப்பிடட்டும், வர்றேன்." பிறகு வன்மத்தோடு இன்னொன்றும் சொன்னது. "அவன் எதுமேல நிக்கிறான்னு மட்டும் கேட்டுப் பாரு!"

நீர்க்கோழி கூட்டுக்குத் திரும்பியது. அளந்தவர் 'ஏறுது' என்கிறார். யோசித்தவர் 'வத்தாது' என்கிறார். இரண்டு பெரிய தலைகள் ஒரே விடையைச் சொல்லும்போது தன் பயம் மட்டும் ஏன் போகவில்லை என்று அதற்குப் புரியவில்லை. உட்கார்ந்தது. எழுந்தது. முட்டை ஒன்றைக் காலால் புரட்டியது. உள்ளே ஏதோ லேசாகத் தட்டியது போலிருந்தது.

குஞ்சுக்கு உயிர் வந்துவிட்டது! அதற்குமேல் நீர்க்கோழியால் தாங்க முடியவில்லை. உச்சிவெயிலில் கொக்கிடம் ஓடியது.

"அண்ணே! எதுமேல நிக்கிறீங்க?"

கொக்கின் இறகுகள் சிலிர்த்தன. "இது அந்த ஆமை சொல்லிக்கொடுத்த கேள்வி!"

"யாரு கேள்வியா இருந்தா என்னண்ணே? எதுமேல நிக்கிறீங்க?"

"பதில் சொல்லாதீங்க, கொக்கையா! தேவையில்லாத கேள்வி!" என்று தவளைகள் கத்தின.

பழக்கத்தில் கொக்கு, "கல்லு..." என்று வாயைத் திறந்தது. பிறகு மூடிக்கொண்டது. அது கல்லின்மேல் நிற்கவில்லை. எதன்மேல் நிற்கிறது? குனிந்து பார்த்தது. கலங்கல் தண்ணீரில் பாதம் தெரியவில்லை.

"இதோ பாரு, காலைத் தூக்கியே காட்டறேன்" என்று வலது காலை இழுத்தது.

கால் வரவில்லை.

இன்னும் பலமாக இழுத்தது. இடது கால் இன்னும் ஆழத்தில் இறங்கியது. சிறகை அடித்துப் பார்த்தது. கூழ் போன்ற சேறு இரண்டு கால்களையும் முழங்கால்வரை விழுங்கியிருந்தது. அதற்கு மேலே ஒரு சாண் தண்ணீர்தான்!

கொக்கு தண்ணீரையும் தன் காலையும் மாறிமாறிப் பார்த்தது. அதன் குரல் அடங்கிவிட்டது.

"தண்ணி ஏறலை... நான்தான் இறங்கியிருக்கேன்."

தவளைகள் தொப் தொப்பென்று குதித்து மறைந்துவிட்டன. வாழ்க என்று கத்திய ஒன்றுகூட அங்கே மிச்சமில்லை.

நீர்க்கோழி திரும்பிப் பார்த்தது. கரையிலிருந்து நாணல் திட்டுவரை சேறு காய்ந்து வெடித்திருந்தது. அதன்மேல் நரி ஒவ்வொரு காலாக வைத்து நடந்து வந்துகொண்டிருந்தது. பட்டப்பகலில்!

"ஆமையண்ணனைக் கூப்பிடுங்க! நீங்க கூப்பிட்டாத்தான் வருவாராம்!" என்று நீர்க்கோழி கதறியது.

கொக்கு வாயைத் திறந்தது. துரத்தப்பட்ட பழைய கொக்கின் கதை குறுக்கே வந்து நின்றது. 'வெறும் காத்து' என்று ஆமையிடம் தானே சொன்ன சொல்லும் குறுக்கே நின்றது. எவ்வளவு நேரம் தயங்கியது என்று கேட்காதீர்கள், எனக்குக் கோபம் வரும். நரி பாதி வழி வரும்வரை தயங்கியது.

பிறகு கத்தியது. "ஆமை! வந்துடு! எதுமேல நிக்கிறேன்னு எனக்குத் தெரியலை!"

வளைக்குள் ஆமை திடுக்கிட்டது. எப்போதும் போல வாசலிலிருந்து தண்ணீரில் பாய்ந்தது. 'ணங்'கென்று ஓடு காய்ந்த மண்ணில் மோதியது. ஆமை புரண்டு எழுந்து மேலே பார்த்தது. வானம் அங்கேயேதான் இருந்தது. தண்ணீரைத்தான் காணவில்லை!

அன்று ஆமை ஊர்ந்த வேகத்தில் எந்த ஆமையும் ஊர்ந்திருக்காது. என்றாலும் ஆமை ஆமைதானே! அது கொக்கிடம் வந்து சேர்ந்து, சேற்றுக்குள் தலைகீழாக இறங்கி, நகங்களால் பறித்தது. கொக்கு இழுத்தது. ஆமை பறித்தது.

அதற்குள் நரி கூட்டுக்கு வந்துவிட்டது. நீர்க்கோழி அதன் மூக்கைக் கொத்தியது, கண்ணைக் கொத்தியது. நரி ஒரு தட்டுத் தட்டியது. நீர்க்கோழி நாணலில் போய் விழுந்தது. முட்டை ஒன்று உடையும் சத்தம் கேட்டது. இன்னொன்று உடையும் சத்தமும் கேட்டது.

அப்போதுதான் கொக்கின் கால்கள் விடுபட்டன. அது பறந்து வந்த வேகத்தில் அலகை நரியின் முகத்தில் இறக்கியது. நரி ஊளையிட்டுக்கொண்டு பின்வாங்கியது. காய்ந்த சேற்றில், வந்த தடத்திலேயே காலை வைத்துத் திரும்பி நடந்தது.

"நில்லு!" என்று கொக்கு கத்தியது. "தண்ணி வத்தினது உனக்கு மட்டும் எப்படித் தெரிஞ்சுது?"

நரி வாயை நக்கிக்கொண்டு திரும்பிப் பார்த்தது. "எனக்குப் பசி. இந்தச் சேறு தாங்குமான்னு கேட்டேன். காலை வெச்சுப் பார்த்தேன். தாங்கிச்சு. கேக்க ஒருத்தன், பார்க்க ஒருத்தன்னு வெச்சுக்க எனக்கு வசதி இல்லையே!"

நரி போய்விட்டது. கொக்கும் ஆமையும் ஒன்றின் முகத்தை ஒன்று பார்க்கவில்லை.

ஆமை முதுகில் நாணலைப் பரப்பிக்கொண்டது. நீர்க்கோழி மிச்ச முட்டைகளை ஒவ்வொன்றாக அதில் உருட்டி ஏற்றியது. கொக்கு முன்னால் நடந்தது. இந்த முறை அது ஒவ்வொரு அடியையும் வைத்து, அழுத்தி, நின்று பார்த்த பிறகே அடுத்த அடியை வைத்தது. ஆழம் வந்த இடத்தில் ஆமை நின்றது.

"எதுமேல நிக்கிறே?"

கொக்கு குனிந்தது. காலால் துழாவிப் பார்த்தது. பிறகுதான் சொன்னது.

"கல்லுமேல."

"நல்லாப் பார்த்தியா?"

"பார்த்துட்டேன். நீ வரலாம்."

பொழுது சாய்வதற்குள் நடுப்பாறைக்குப் போய்ச் சேர்ந்தார்கள். அதைச் சுற்றி இன்னும் ஆழமான தண்ணீர் இருந்தது. ஆமை முதுகைச் சாய்த்தது. முட்டைகள் ஒரு பள்ளத்தில் உருண்டு நின்றன. நீர்க்கோழி அவற்றின்மேல் உட்கார்ந்தது.

கொக்கு தொண்டையைச் செருமிக்கொண்டது. "நாலும் பத்திரம்" என்றது.

"பத்திரம்னா..." என்று தொடங்கிய ஆமை பாதியில் நிறுத்திக்கொண்டது.

நீர்க்கோழி இரண்டையும் நிமிர்ந்து பார்த்தது. அதற்குக் கோபப்படக்கூடத் தெம்பில்லை.

"நான் வெச்சது ஆறு" என்றது.

அதன் பிறகு அந்த ஏரியில் ஆமை கேட்காமல் கொக்கு அளப்பதில்லை. கொக்கு பார்க்காமல் ஆமை முடிவு சொல்வதில்லை. நரி இன்னும் கரையில் உலாத்திக்கொண்டுதான் இருக்கிறது. தினமும் காலை வைத்துப் பார்க்கிறது.

ஏன், எதன்மேல் என்று கேட்கும் தத்துவமும், எவ்வளவு என்று அளக்கும் அறிவியலும் பகைத்துப் பிரிந்தால், இரண்டையும் நம்பியிருப்பவரின் கூட்டில்தான் நரி நுழையும்.